தமுக்கடித்தவர்களின் வானொலி: மாச்னூர் சங்கம் ரேடியோ

(அயோத்திதாசர் நினைவுச் சொற்பொழிவு)



பண்டிதர் அயோத்திதாசர் 1907 ஜூன் 19 அன்று சென்னை இராயப்பேட்டையிலிருந்து 'ஒரு பைசாத் தமிழன்' இதழைத் தொடங்கினார். அதற்குப் பதினான்கு ஆண்டுகளுக்கு முன்பே, 1893இல், இரட்டைமலை சீனிவாசன் 'பறையன்' இதழைக் கொண்டுவந்திருந்தார். 1920 ஜனவரி 31 அன்று பாபாசாகேப் 'மூக்நாயக்' தொடங்கினார். ஊமைகளின் நாயகன் என்று பெயர் வைத்தார். இந்த மூன்று தேதிகளும் இந்த அரங்கில் இருப்பவர்களுக்கு மனப்பாடம். அச்சைப் பற்றி நாம் நிறையவே பேசியிருக்கிறோம், எழுதியிருக்கிறோம், ஆய்வேடுகளும் சமர்ப்பித்திருக்கிறோம். ஒலியைப் பற்றி நாம் பேசியது மிகக் குறைவு. எழுத்து நமக்கு மறுக்கப்பட்டது, அதனால் எழுத்தைப் பற்றியே பேசினோம். நம் கையிலேயே இருந்த ஒலியை யார் எடுத்துக்கொண்டார்கள் என்று கேட்கத் தவறினோம். இந்த ஆண்டு உரையை அதனால் ஒரு வானொலி நிலையத்துக்காக ஒதுக்கிக்கொள்கிறோம்.

அந்த நிலையம் தமிழ்நாட்டில் இல்லை. தெலங்கானாவில், ஐதராபாத்திலிருந்து மும்பை போகும் நெடுஞ்சாலையில், கர்நாடக எல்லைக்குப் பக்கத்தில் ஜஹீராபாத் என்று ஒரு சிறுநகரம் இருக்கிறது. முன்பு மேடக் மாவட்டம், இப்போது சங்காரெட்டி மாவட்டம். அதை ஒட்டிய மாச்னூர் கிராமத்தில் இருக்கிறது 'சங்கம் ரேடியோ'. அதை நடத்துவதற்கென்று பயிற்சி பெற்றவர்கள் தலித் பெண்கள். அங்கே போவதற்கு முன்னால் நம் ஊர்க் கதை ஒன்றைச் சொல்லியாக வேண்டும். இல்லையென்றால் மாச்னூரில் நடந்தது எவ்வளவு பெரிய காரியம் என்பது பிடிபடாது.

நாங்கள் வளர்ந்த காலனியில் தண்டோரா போடும் பெரியவர் ஒருவர் இருந்தார். தாசில்தார் வருகிறார், ஏரி மீன் ஏலம், அம்மனுக்குக் காப்புக் கட்டு, மாடு காணவில்லை. எதுவாக இருந்தாலும் தலையாரி வந்து சொல்லிவிட்டுப் போவார். பெரியவர் தமுக்கை நெருப்பில் காய்ச்சி எடுத்துக்கொண்டு கிளம்புவார். படிக்கத் தெரியாது. ஒரு முறை கேட்டதை ஒரு சொல் பிசகாமல் பதினெட்டு முக்கிலும் சொல்லுவார். இன்றைக்கு யோசித்தால், எங்கள் ஊரின் முதல் ஒலிபரப்பாளர் அவர்தான். நிலையமும் அவரே, அலைவரிசையும் அவரே. ஆனால் அவர் வாயில் வந்த ஒரு சொல்லும் அவருடையதல்ல.

ஒரு முறை மட்டும் அவருடைய சொல் வந்தது. ஏதோ நிவாரண அரிசி கொடுப்பதாக அறிவிப்பு. சொல்லச் சொன்னதைச் சொல்லி முடித்துவிட்டு, தமுக்கை ஒரு தட்டு தட்டி, 'காலனிக்காரங்களுக்கும் உண்டு' என்று சேர்த்திருக்கிறார். பொய்யில்லை, எங்களுக்கும் உண்டுதான். ஆனால் அது அவருக்குச் சொல்லப்பட்ட சொல் இல்லை. அன்று மாலையே ஊர்க்காரர்கள் கூப்பிட்டு விசாரித்தார்கள். அந்த ஆண்டு களத்துமேட்டில் அவருக்கு வரவேண்டிய நெல் வரவில்லை. தமுக்கு வேறொருவர் கைக்குப் போனது. நாங்கள் சிறுவர்கள். அரிசி விஷயமாக ஏதோ சண்டை என்று மட்டும் விளங்கியது. அவர் செய்த குற்றம் என்ன என்பது விளங்க எங்களுக்கு இருபது ஆண்டுகள் ஆயின. அறிவிப்புச் செய்ய வேண்டியவர் செய்தி சொல்லிவிட்டார்.

2022 ஆகஸ்டில் தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளர் எல்லா மாவட்ட ஆட்சியர்களுக்கும் கடிதம் எழுதி, தண்டோரா போடும் வழக்கத்தை நிறுத்தச் சொன்னார். ஒலிபெருக்கி கட்டிய வண்டி இருக்கும்போது மனிதரை அனுப்புவானேன் என்பது அதன் சாரம். வரவேற்றோம். வேண்டிய உத்தரவுதான். தமுக்கு இறங்கியது சரி. அந்த ஒலிபெருக்கியில் என்ன சொல்வது என்று தீர்மானிக்கும் இடம் யாரிடம் இருக்கிறது என்ற கேள்விக்கு அந்த உத்தரவில் இடமில்லை. அது உத்தரவின் வேலையும் அல்ல, நம் வேலை.

அடுத்தது ஊராட்சி வானொலி. நாற்பது வயதைத் தாண்டியவர்களுக்கு நினைவிருக்கும். ஊராட்சிக் கட்டடத்தில் பூட்டிய அறைக்குள் பெட்டி இருக்கும். வெளியே வேப்பமரத்திலோ கம்பத்திலோ குழாய் கட்டியிருக்கும். எங்கள் ஊரில் அந்தக் குழாயின் வாய் ஊர்ப்பக்கம் பார்த்திருந்தது. காற்று எங்கள் பக்கம் அடித்தால் செய்தி கேட்கும், திருப்பி அடித்தால் பாதியோடு நின்றுவிடும். சரோஜ் நாராயணசாமியின் குரலைக் கேட்பதற்காக வாய்க்கால் கரையில் வந்து உட்காருவோம். அந்தப் பெட்டியில் எங்கள் பேச்சு வந்ததாக நினைவில்லை. நாட்டுப்புறப் பாட்டு என்று ஒரு நேரம் வைத்து, எங்கள் பெரியம்மாக்கள் நடவில் பாடுகிற மெட்டை வேறு யாரோ சுத்தம் செய்து பாடிக் கேட்டிருக்கிறோம்.

வானொலி வெறும் பொழுதுபோக்கு என்று நினைக்கிற மாணவர்களுக்குத் தஞ்சாவூரைச் சொல்லவேண்டும். 1960களில் ஆடுதுறை ஆராய்ச்சி நிலையத்திலிருந்து ஏ.டி.டி. 27 என்ற நெல் வந்தது. குறுவைக்கு ஏற்ற ரகம். திருச்சி வானொலி அதைப் பற்றிச் சொல்லிச் சொல்லி, கேட்ட மிராசுதாரர்கள் அதை விதைத்து விதைத்து, அந்த நெல்லுக்கே 'ரேடியோ நெல்' என்று பெயர் வந்துவிட்டது. இந்திய வானொலியின் சாதனைக் கதைகளில் இதை மறக்காமல் சொல்வார்கள். நாமும் மறுக்கவில்லை. ஆனால் அதே தஞ்சை மாவட்டத்தில், அதே புது நெல் களத்துக்கு வந்துகொண்டிருந்த ஆண்டுகளில், அறுத்த கூலிக்கு அரைப்படி நெல் கூட்டிக் கேட்டார்கள். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்துக் கொளுத்தினார்கள். விதையைப் பற்றி நிலம் வைத்திருப்பவரிடம் பேசுவதற்கு வானொலி இருந்தது. கூலியைப் பற்றிப் பேசுவதற்கு அறுவடை செய்தவர்களிடம் என்ன இருந்தது?

இந்தக் கேள்வியை வைத்துக்கொண்டுதான் மாச்னூருக்குப் போகவேண்டும்.

ஜஹீராபாத் வட்டாரம் காவிரிப் படுகை அல்ல. வானம் பார்த்த பூமி. சோளம், சாமை, தினை, துவரை விளையும் செம்மண் மேடு. 1983இல் அங்கே 'டெக்கான் வளர்ச்சிச் சங்கம்' என்ற தொண்டு அமைப்பு வேலை தொடங்கியது. அதைத் தொடங்கியவர்களில் முக்கியமானவர் பி.வி. சதீஷ். தூர்தர்ஷனில் நிகழ்ச்சித் தயாரிப்பாளராக இருந்தவர், 2023 மார்ச்சில் காலமானார். ஊர் ஊராகப் பெண்கள் சங்கங்கள் கட்டப்பட்டன. சங்கத்தில் இருந்தவர்களில் மிகப் பெரும்பான்மையோர் தலித் பெண்கள். மாலவாடா, மாதிகவாடா என்று நம் சேரிக்கு அங்கே பெயர். சும்மா கிடந்த நிலத்தைப் பண்படுத்திச் சோளமும் சிறுதானியமும் போட்டார்கள். 1990களின் நடுவில் தங்கள் நிலத்தில் விளைந்த சோளத்தைச் சேர்த்து வைத்துத் தங்களுக்குள் பகிரும் ஒரு தானிய விநியோக முறையை உண்டாக்கினார்கள். அரசு ரேஷனில் அரிசி வந்துகொண்டிருந்த காலத்தில் இவர்கள் சோள ரேஷன் நடத்தினார்கள். யார் வீட்டில் அடுப்பு எரியவில்லை என்பதை இந்தப் பெண்களே கூடி உட்கார்ந்து தீர்மானித்தார்கள். விதையையும் வீட்டிலேயே வைத்தார்கள், சாணமும் சாம்பலும் வேப்பிலையும் போட்டு, கூடையில் மெழுகி.

இந்தப் பெண்களிடம்தான் வானொலி பற்றிய பேச்சு எழுந்தது. அவர்களுக்கு வானொலி தெரியாமல் இல்லை. ஐதராபாத் நிலையம் கேட்டுக்கொண்டுதான் இருந்தது. அதன் தெலுங்கு இவர்கள் தெலுங்கு இல்லை. தெலங்கானாக் கிராமத்துத் தெலுங்கை, அதிலும் வாடாக்களின் தெலுங்கை, சினிமாவில் கோமாளியும் ரவுடியும் பேசுவதற்கு வைத்திருந்த காலம் அது. அந்த நிலையம் சொன்ன விவசாயமும் இவர்கள் விவசாயம் இல்லை. உரக்கடை, பூச்சிமருந்து, கிணற்றுப் பாசனம். அரை ஏக்கர் மேட்டு நிலத்தில் ஒரே சாலில் பல தானியம் கலந்து விதைக்கிற பெண்ணுக்கு அதில் ஒரு வாக்கியமும் இல்லை. ரேடியோ நெல்லின் கதையே மறுபடியும்.

1998 வாக்கில் யுனெஸ்கோ உதவியுடன் மாச்னூரில் நிலையக் கட்டடம் எழும்பியது. ஒலிப்பதிவு அறை, பதிவுக் கருவிகள், ஒலிபரப்பிக் கருவி எல்லாம் வந்தன. இரண்டு இளம் பெண்கள் பொறுப்பேற்றார்கள். இரண்டு பேருக்கும் பெயர் நரசம்மா. ஒருவர் அல்கோல் நரசம்மா, மற்றவர் ஜெனரல் நரசம்மா. அல்கோல் என்பது ஊர்ப்பெயர். பதிவு, வெட்டி ஒட்டுதல், ஒலி அளவைக் கூட்டிக் குறைத்தல் எல்லாம் கற்றுக்கொண்டார்கள். எல்லாம் தயார். பொத்தானை அமுக்கத்தான் அனுமதி இல்லை.

பத்து ஆண்டுகள் அனுமதி இல்லை. தோழர்களே, இதை அவசரமாகக் கடந்துவிடக் கூடாது. கட்டிமுடித்த வானொலி நிலையம் ஒன்று பத்து ஆண்டுகள் வாய் கட்டிக் கிடந்தது. காரணம் சட்டம். 1885ஆம் ஆண்டின் தந்திச் சட்டம் என்று வெள்ளைக்காரன் போட்டது. கம்பியிலும் காற்றிலும் செய்தி அனுப்பும் உரிமை அரசுக்கே என்றது அந்தச் சட்டம். சுதந்திரம் வந்தபோது நம் அரசு அதைத் தூக்கி எறியவில்லை, பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டது.

அதில் முதல் ஓட்டை விழுந்தது கிரிக்கெட்டால். வேடிக்கையாக இருக்கும், ஆனால் உண்மை. 1993இல் ஹீரோ கோப்பைப் போட்டிகளை ஒளிபரப்பும் உரிமையை வங்காளக் கிரிக்கெட் சங்கம் ஒரு வெளிநாட்டு நிறுவனத்துக்குக் கொடுத்தது. தூர்தர்ஷனும் அமைச்சகமும் எதிர்த்தன. வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. 1995 பிப்ரவரி 9 அன்று நீதிபதிகள் பி.பி. சாவந்த், எஸ். மோகன், பி.பி. ஜீவன் ரெட்டி தீர்ப்பளித்தார்கள். வானலைகள் பொதுச்சொத்து, பொது நன்மைக்கு அவற்றைப் பயன்படுத்த வேண்டும், அரசின் ஏகபோகத்தில் இருக்கக் கூடாது, சுதந்திரமான ஒரு பொது அமைப்பின் பொறுப்பில் வரவேண்டும் என்பது அதன் சாரம். பொதுச்சொத்து என்ற சொல்லைக் கேட்டால் நமக்கு ஊர்க்கிணறும் குளமும் நினைவுக்கு வரும். 1927இல் மகாடில் சவுதார் குளத்தில் பாபாசாகேப் தண்ணீர் எடுத்தபோதும் சட்டப்படி அந்தக் குளம் பொதுக் குளம்தான். நகராட்சி தீர்மானமும் போட்டிருந்தது. பொது என்று காகிதத்தில் எழுதுவதற்கும் கையை விட்டு அள்ளுவதற்கும் நடுவில் என்ன இருக்கிறது என்று நமக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை.

தீர்ப்புக்குப் பிறகு பெரிய முதலாளிகளுக்கு வழி பிறந்தது. நூற்றாண்டு முடிவதற்குள் தனியார் பண்பலை உரிமங்கள் ஏலத்துக்கு வந்தன. 2000 ஜூலையில் ஜஹீராபாத்துக்குப் பக்கத்துப் பஸ்தாபூரில், அதே டெக்கான் சங்கத்தின் இடத்தில், சமூக வானொலிக்காக வாதாடுபவர்கள் கூடி ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். மூன்றாவது ஒரு வகை வானொலி வேண்டும், அரசுடையதும் அல்ல, லாபத்துக்கானதும் அல்ல என்று கேட்டார்கள். 2002 டிசம்பரில் அரசு ஒரு கொள்கை அறிவித்தது. யாருக்கு? கல்வி நிறுவனங்களுக்கு மட்டும். அந்தக் கொள்கையின்படி 2004 பிப்ரவரி 1 அன்று சென்னையில் அண்ணா பல்கலைக்கழகத்தின் நிலையம் 90.4 மெகாஹெர்ட்ஸில் ஒலிக்கத் தொடங்கியது. நாட்டின் முதல் வளாக வானொலி என்று நாம் பெருமைப்பட்டுக்கொண்டோம். பெருமையில் தவறில்லை. ஆனால் மாச்னூரில் அப்போது ஆறாவது ஆண்டாகக் கருவிகளைத் துணி போட்டு மூடி வைத்திருந்தார்கள். பள்ளிக்கூடமே மறுக்கப்பட்டவர்களிடம், வானொலிக்குப் பள்ளிக்கூடச் சான்றிதழ் கொண்டுவா என்றது அரசு. அதே காலத்தில் கர்னூல் மாவட்டம் ஓர்வகல்லில் சுயஉதவிக் குழுப் பெண்கள் 2002இல் தொடங்கிய 'மன ரேடியோ' சில மாதங்களிலேயே மூடப்பட்டது. பீகாரில் பழுதுபார்க்கும் கடைக்காரர் ஒருவர் சொந்தமாகச் செய்து நடத்திய பண்பலையை 2006இல் அதிகாரிகள் வந்து நிறுத்தினார்கள்.

அந்தப் பத்து ஆண்டுகளில் மாச்னூர்ப் பெண்கள் என்ன செய்தார்கள் என்பதுதான் இந்த வரலாற்றில் எங்களை அசைத்த பகுதி. காற்று இல்லையென்று அவர்கள் நிறுத்தவில்லை. நிகழ்ச்சிகளைப் பதிவு செய்தார்கள். கேசட்டில் ஏற்றினார்கள். அந்தக் கேசட்டைச் சங்கக் கூட்டங்களுக்கு எடுத்துப்போய், டேப்ரெக்கார்டரை நடுவில் வைத்து ஓடவிட்டார்கள். கேட்டவர்கள் அங்கேயே பேசினார்கள். இது தப்பு, எங்கள் ஊரில் இந்த விதையை இப்படி வைப்பதில்லை என்றால் அது அடுத்த நாடாவில் போனது. ஒலிபரப்புத் துறை வல்லுநர்கள் இதற்குப் பெரிய பெயரெல்லாம் வைத்திருக்கிறார்கள். எங்களுக்கு இது தண்டோராவாகத் தெரிகிறது, ஆனால் தலைகீழாக மாறிப்போன தண்டோரா. நடந்து போவது அதே கால், ஊர் ஊராக. சொல் மட்டும் இப்போது சுமப்பவருடையது. கேட்பவர் திருத்தவும் செய்கிறார். எங்கள் காலனிப் பெரியவருக்கு ஒரே ஒரு வாக்கியத்துக்குக் கிடைக்காத உரிமை இது.

ஒலியோடு படமும் வந்தது. அதே சங்கங்களின் பெண்கள் கேமரா பிடிக்கக் கற்றார்கள். வாரங்கல் பருத்தி விவசாயிகள் பி.டி. பருத்தியால் பட்ட பாட்டைப் படமாக்கினார்கள். கூலி வேலைக்குப் போன கைகள்தான் அந்தக் கேமராவைப் பிடித்தன. அதைத் தனியாகப் பேச வேறொரு கூட்டம் வேண்டும்.

2006 நவம்பரில் மத்திய அமைச்சரவை சம்மதித்தது. டிசம்பரில் புதிய நெறிமுறைகள் வந்தன. குறைந்தது மூன்று ஆண்டுகள் வேலை செய்த, பதிவு பெற்ற, லாப நோக்கற்ற அமைப்புகளும் சமூக வானொலி நடத்தலாம். 100 வாட் சக்தி, 30 மீட்டர் கம்பம். சமதரையில் பத்துப் பதினைந்து கிலோமீட்டர் போகும், மேட்டு நிலமானால் இன்னும் கொஞ்சம். நிகழ்ச்சிகளில் பாதியாவது உள்ளூரில் தயாரானதாக இருக்க வேண்டும். இது நல்ல விதி. அதன் பிறகும் பல அமைச்சகங்களின் ஒப்புதல், அலைவரிசை ஒதுக்கீடு, உரிமம் என்று கோப்புகள் நடந்தன.

2008 அக்டோபர் 15. கிராமப்புறப் பெண்கள் நாள் என்று ஐக்கிய நாடுகள் சபை முதன்முறையாகக் கடைப்பிடித்த நாள். அன்றுதான் சங்கம் ரேடியோ 90.4இல் காற்றில் ஏறியது. ஒரு மக்கள் அமைப்பு நடத்தும் இந்தியாவின் முதல் சமூக வானொலி. தொடங்கிவைக்க வந்தவர் நீதிபதி சாவந்த். பதிமூன்று ஆண்டுகளுக்கு முன்னால் வானலை பொதுச்சொத்து என்று எழுதியவரே வந்து நின்றார். அந்தச் சொத்தில் சேரிப் பெண்கள் கைவைத்த நாளில் அவர் அங்கே இருந்தது பொருத்தம்தான்.

ஒலிபரப்பு மாலையில், இரண்டு மணி நேரம். ஏன் மாலை என்றால், காட்டு வேலை முடிந்து அடுப்பு மூட்டும் நேரம். கை வேலையில் இருக்கும், காது சும்மா இருக்கும். விதை, பயிர், கால்நடை, பச்சிலை மருந்து, பெண்களின் உடல்நலம், பண்டிகை, பாட்டு, கதை. பாடினவர்கள் வயலில் பாடியதையே பாடினார்கள். யாரும் சுத்தம் செய்து கொடுக்கவில்லை.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்கச் சொல்கிறோம். கேசட் சங்கக் கூட்டத்தோடு நின்றது. அலை நிற்பதில்லை. மாதிகவாடாவில் ஒருத்தி பேசினால் அது ரெட்டி வீட்டுத் திண்ணைப் பெட்டியிலும் கேட்கும். தெருவில் நடக்கக்கூடாது, கிணற்றில் இறங்கக்கூடாது, கோயிலுக்குள் வரக்கூடாது என்று எல்லைகள் போட்ட ஊரில், குரல் ஒன்று எல்லையைக் கேட்காமல் வீட்டுக்குள் நுழைந்துவிடுகிறது. கதவைச் சாத்தினால் போகாது, பெட்டியை அணைத்தால்தான் போகும். அணைத்துவிட்டாலும், அது பேசிக்கொண்டுதான் இருக்கிறது என்பது அணைத்தவருக்குத் தெரியும்.

எல்லாவற்றையும் கொண்டாடிவிட்டுப் போவது இந்த மேடையின் வழக்கம் அல்ல. அதனால் இரண்டு கசப்பான விஷயங்களையும் பேசவேண்டும்.

ஒன்று, உரிமம் யார் பெயரில்? சட்டம் பதிவு பெற்ற அமைப்பைக் கேட்கிறது. ஆகவே உரிமம் தொண்டு அமைப்பின் பெயரில். கட்டடத்துக்குப் பணம் உலக அமைப்பிடமிருந்து. வழிகாட்டிய படித்தவர்கள் வெளியிலிருந்து வந்தவர்கள். தலித் இயக்கங்களில் தொண்டு நிறுவனங்கள் பற்றி நமக்குள் எவ்வளவு சண்டை நடந்திருக்கிறது என்பது தெரியும். எங்கள் கணக்கு இது: சதீஷ் போன்றவர்கள் இல்லாமல் கட்டடம் வந்திருக்காது. அந்தப் பெண்கள் இல்லாமல் பத்து ஆண்டு கேசட் ஓடியிருக்காது. இரண்டில் எது வானொலி என்றால் கேசட்தான் என்போம். ஆனால் நிர்வாகக் குழுவின் நாற்காலியில் யார் என்ற கேள்வியை அதற்காக விட்டுவிட முடியாது. 2019இல் ஐ.நா.வின் ஈக்குவேட்டர் பரிசு இந்தப் பெண்கள் சங்கங்களுக்குக் கிடைத்தது. சங்கங்களின் பெயரில் பரிசு வரமுடியுமானால் ஒருநாள் உரிமமும் வரமுடியும்.

அந்த நெறிமுறைகளில் இன்னொரு வரியும் இருக்கிறது. அரசியல் கட்சிகளுக்கும் அவற்றைச் சார்ந்த மாணவர், மகளிர், தொழிற்சங்க அமைப்புகளுக்கும் சமூக வானொலி கிடையாது. கேட்பதற்கு நியாயமாகத் தோன்றும். கட்சிகள் கையில் வானொலி போனால் என்னாகும் என்று நாமே சொல்வோம். ஆனால் வன்கொடுமை நடந்த ஊருக்கு முதலில் போய்ச் சேருகிறவர்கள் யார்? வழக்குப் பதிய வைக்கக் காவல் நிலைய வாசலில் உட்காருகிறவர்கள் யார்? அவர்களில் பெரும்பாலோர் ஏதோ ஒரு கொடியின் கீழ்தான் இருக்கிறார்கள். தொலைக்காட்சி வைத்திருக்கும் கட்சிகளை இந்த விதி ஒன்றும் செய்வதில்லை. கொடியைத் தவிர வேறொன்றும் இல்லாதவர்களைத்தான் அது வெளியே நிறுத்துகிறது.

இரண்டாவது கசப்புதான் பெரியது. சமூக வானொலியில் செய்தி சொல்லக்கூடாது. செய்தியும் நடப்பு விவகாரமும் அரசியல் தன்மையுள்ள எதுவும் கூடாது என்று 2006 நெறிமுறைகளிலேயே எழுதியிருக்கிறது. பிறகு அகில இந்திய வானொலியின் செய்தியை அப்படியே மறு ஒலிபரப்பு செய்துகொள்ளலாம் என்று தளர்த்தினார்கள். சொந்தச் செய்திக்கு இடமில்லை. வானொலிச் செய்தித் தடையை எதிர்த்து 2013இல் 'காமன் காஸ்' என்ற அமைப்பு உச்ச நீதிமன்றம் போனது. தொலைக்காட்சியில் நாள் முழுவதும் கத்தலாம், அச்சில் எழுதலாம், கைபேசியில் எதையும் பரப்பலாம், 100 வாட் வானொலியில் மட்டும் பேசினால் ஆபத்து என்பது என்ன கணக்கு என்று கேட்டது அந்த மனு.

நாங்கள் இதை இப்படிப் புரிந்துகொள்கிறோம். மாச்னூர்ப் பெண் சாமை விதையைப் பற்றி இரண்டு மணி நேரம் பேசலாம். பக்கத்து ஊரில் நேற்று இரவு சாமை விதைத்த ஒருத்தியின் குடிசை எரிந்தால், அதைச் சொல்ல முடியாது. காய்ச்சலுக்குப் பச்சிலை சொல்லலாம். ஆரம்ப சுகாதார நிலையத்தில் யாரைத் தொட்டுப் பார்க்க மறுத்தார்கள் என்று சொன்னால் அது நடப்பு விவகாரம். கூலிப் பாட்டு பாடலாம், அது பண்பாடு. இந்த வாரம் எந்த ஊரில் கூலி குறைத்தார்கள் என்று சொன்னால் அது செய்தி. நம்மை வைத்து அறிவிப்புச் செய்யலாம், நம் செய்தியை நாம் சொல்லக்கூடாது. தமுக்கு போய் ஒலிவாங்கி வந்த பிறகும் தலையாரி போகவில்லை.

இதனாலேயே அங்கே பேசப்படும் விதைப் பேச்சு சிறிய பேச்சு என்று சொல்லிவிடாதீர்கள். சோளத்தைத் தாழ்ந்த உணவு என்று சொன்ன சாதியச் சமையல் ஒழுங்கை எதிர்த்து, எங்கள் சோறு இது என்று ஒரு தலித் பெண் காற்றில் சொல்வது அரசியல்தான். தன் தெலுங்கில் சொல்வது இன்னும் அரசியல். நெறிமுறை எழுதியவர்களுக்கு அது அரசியல் என்று தெரியவில்லை, அவ்வளவுதான். தெரியாமலே இருக்கட்டும்.

மாணவர்கள் கேட்பீர்கள்: யூடியூப் இருக்கும்போது 100 வாட் வானொலி எதற்கு? நியாயமான கேள்வி. நம் தோழர்கள் கேமராவும் கைபேசியுமாக எத்தனையோ அலைவரிசைகள் நடத்துகிறார்கள், அவை இல்லையென்றால் பல கொலைகள் வெளியே தெரிந்திருக்காது. ஆனால் அந்தக் காணொளியை யாருக்குக் காட்டுவது என்று தீர்மானிப்பது எங்கோ இருக்கும் ஒரு கம்பெனி. மொத்தமாகப் புகார் கொடுத்தால் ஒரே இரவில் அலைவரிசை காணாமல் போகும். அதற்கு டேட்டா போடவேண்டும், திரையைப் பார்க்கவேண்டும். களை எடுக்கிறவளுக்குக் கண்ணும் கையும் சும்மா இல்லை. காது மட்டும்தான் சும்மா இருக்கிறது. அதைத்தான் திருச்சி வானொலி அன்றே புரிந்துகொண்டிருந்தது, மிராசுதாரரின் காது விஷயத்தில்.

தமிழ்நாட்டில் இன்று சமூக வானொலிகள் கணிசமாக இருக்கின்றன. அவற்றில் பல கல்லூரி வளாகங்களில் இருக்கின்றன. இந்த அரங்கில் இருக்கும் மாணவர்களில் சிலர் அந்த வளாகங்களிலிருந்தே வந்திருக்கிறீர்கள். உங்கள் நிலையத்தின் கதவு எத்தனை மணிக்குத் திறக்கிறது, யார் உள்ளே போகிறார்கள், பக்கத்துக் காலனியிலிருந்து கடந்த ஓராண்டில் எத்தனை பேர் மைக் முன்னால் உட்கார்ந்தார்கள் என்று போய்க் கேளுங்கள். கேட்டதை எழுதி எங்களுக்கு அனுப்புங்கள். நம் மன்றம் பதிவு பெற்ற அமைப்பு, மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டது, எந்தக் கட்சியையும் சார்ந்ததல்ல. நெறிமுறைகளின்படி நாம் விண்ணப்பிக்கலாம். படிவத்தை வாங்கி வைத்திருக்கிறோம். கம்பத்துக்கு இடம், பணம், பயிற்சி, எதுவும் இன்னும் இல்லை. மாச்னூர்க்காரர்களுக்கும் தொடக்கத்தில் காற்று இல்லை, கேசட்தான் இருந்தது. ஆகவே நாங்கள் ஒரு பதிவுக்கருவியோடு தொடங்கியிருக்கிறோம்.

தண்டோரா போட்ட பெரியவர்களில் உயிரோடு இருப்பவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். முதலில் அவர்களைப் பதிவு செய்வோம் என்று முடிவு. எங்கள் காலனிப் பெரியவர் போய்ச் சேர்ந்துவிட்டார். அவருடைய மகள் இருக்கிறார். அப்பா அன்றைக்கு எந்த எந்த முக்கில் நின்று அந்தக் கடைசி வாக்கியத்தைச் சொன்னார் என்று அவருக்கு நினைவிருக்கிறது. அவர் குரலில் அதைப் பதிவு செய்து வந்திருக்கிறோம். உரை முடிந்ததும் இந்த அரங்கிலேயே போட்டுக் காட்டுவோம், இருந்து கேட்டுவிட்டுப் போங்கள்.